துண்டுக்குள் ஒரு புதன்கிழமை

எட்டுச் சந்தை தாண்டி ஒன்பதாவது சந்தைக்கு மாடு ஓட்டிப் போகிறவனுக்கு மட்டும் வழி தெரிந்த ஊர் வாசற்குறிச்சி. அந்த ஊரில் ஆண்டு என்பது நடந்து வருகிற விருந்தாளி. அது தெருத்தெருவாக, வீடுவீடாக வந்து, ஒவ்வொரு வீட்டிலும் ஒரு பகலும் ஓர் இரவும் தங்கி, பதினோராவது தெருவின் கடைசிப் படியை விட்டு இறங்கி மறுபடியும் முதல் தெருவின் முதல் வாசலில் கால் வைக்கும்போது, ஊரில் உள்ள அத்தனை பேருக்கும், ஆடு மாடு உட்பட, ஒரு வயது கூடும். மற்ற ஊர்க்காரர்கள் இதைக் கேட்டுச் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். அவர்கள் சுவரில் ஆணியடித்துத் தாளைத் தொங்கவிட்டுத் தினம் ஒன்றாகக் கிழித்துக் குப்பையில் போடுகிறார்கள். கிழிக்கிற நாளைப் பார்த்து ஒருத்தராவது "வா, உட்கார்" என்று சொன்னதுண்டா? எட்டுச் சந்தையிலும் எத்தனையோ ஜோசியக்காரர்களோடும் பஞ்சாங்கக்காரர்களோடும் நான் மல்லுக்கு நின்றிருக்கிறேன். வாசற்குறிச்சிக் கணக்கைப் போல மரியாதை தெரிந்த கணக்கை எங்கும் கண்டதில்லை.

என் பெயர் ஒச்சுக்காளை. மாட்டுத் தரகன். இந்தக் கணக்கு எப்படி வந்தது என்று சொல்ல எனக்கு உரிமை உண்டு, ஏனென்றால் முதன்முதலில் ஊரிலிருந்து ஒரு புதன்கிழமை காணாமல் போனபோது அதைப் பார்த்த ஒரே ஆள் நான்தான். ஆனால் அந்தப் புதன்கிழமையில் ஒரு துளிகூட இன்று என் நினைவில் இல்லை. ஏன் இல்லை என்பதைக் கடைசியில் சொல்கிறேன். அதுவரை, நான் சொன்னதாக ஊர் சொல்வதைத்தான் நானும் திருப்பிச் சொல்ல முடியும்.

ஊர் சொல்வது இது: இரண்டு ஜோடி மாடுகளோடு புதன்கிழமை காலையில் நான் வந்து சேர்ந்தபோது, வாசற்குறிச்சி இருந்த இடத்தில் வாசற்குறிச்சி இல்லை. வீடு இல்லை, கிணறு இல்லை, நான் படுத்தெழுகிற சந்தைத் திடலின் சுவரில்லாக் கொட்டகை இல்லை, திடலில் நின்ற புளியமரம்கூட இல்லை. ஆவாரஞ்செடியும் சரளைக்கல்லும் மட்டும் கண்ணுக்கெட்டிய தூரம் வரை கிடந்தன. "எவன்டா ஊரைத் தூக்கிட்டுப் போனது?" என்று நான் தொண்டை கிழியக் கத்தினேனாம். மாட்டைக் கட்ட மரமில்லாமல் கயிற்றை என் காலிலேயே கட்டிக்கொண்டு, வீடுகள் இருந்த இடத்தையெல்லாம் காலடியால் அளந்து அளந்து நடந்தேனாம். பொழுது சாய்ந்ததும் மாட்டின் வயிற்றில் சாய்ந்து தூங்கிப் போனேனாம்.

வியாழக்கிழமை காலை எனக்கே நினைவிருக்கிறது. கண் விழித்தேன், ஊர் இருந்தது. கோழி கூவியது, கிணற்று ராட்டினம் கிறீச்சிட்டது, சுண்ணாம்புக் காளவாசல் பிச்சைக்கனி வாயில் வேப்பங்குச்சியோடு வந்து, "என்ன காளை, வியாழக்கிழமைச் சந்தைக்கு ஒரு நாள் முன்னாலேயே வந்துட்டியா?" என்றான்.

"இன்னைக்கு வியாழன்டா."

"புதன்."

"நேத்து முழுக்க நான் இங்கே இருந்தேன். நீங்கதான் இல்லை. எங்கடா போயிருந்தீங்க?"

"நான் என் பாயில படுத்தேன், என் பாயில எந்திரிச்சேன். குடிச்சிருந்தா போய்ப் படு."

அவன் சட்டையைப் பிடித்தேன். அவன் என் தலைமுடியைப் பிடித்தான். அதற்குள் ஒவ்வொரு வீட்டிலிருந்தும் சத்தம் கேட்க ஆரம்பித்தது. ராத்திரி உறை ஊற்றிய பால் புளித்துப் பொங்கி வழிந்திருந்தது. ஊறப் போட்ட உளுந்து முளைவிட்டிருந்தது. கறவை மாடுகள் மடி வெடிக்கிற மாதிரி நின்று கத்தின. விளக்குகளில் எண்ணெய் வற்றித் திரி கருகியிருந்தது. ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள், எல்லாருக்கும் ஒரு நாள் பட்டினி கிடந்த பசி. அப்போதும் பிச்சைக்கனி என் தலைமுடியை விடவில்லை, "சரி, வியாழன்னே வச்சுக்குவோம்" என்று மட்டும் சொன்னான்.

ஊர் எங்கே போயிருந்தது என்று யாரும் கேட்கவில்லை. கேட்டு என்ன ஆகப்போகிறது? பால் வீணானதுதான் பேச்சு. அடுத்த மாதம் இன்னொரு நாள் இதேபோலக் கணக்கிலிருந்து விழுந்தது. அதற்கடுத்து இன்னொன்று. ஜனங்கள் பழகிக்கொண்டார்கள். படுக்கப் போகும்முன் அடுப்பை முழுதாக அணைத்தார்கள், கன்றுகளை அவிழ்த்துவிட்டார்கள், கைக்குழந்தைகளைப் பக்கத்திலேயே போட்டுக்கொண்டார்கள். ஏனென்றால், விழுந்த நாளில் உடம்பு உண்டு, பசி உண்டு, வலி உண்டு, நோய் உண்டு. ஆனால் ஒரு கை எழுந்து இன்னொரு உடம்பைத் தொட முடியாது. அவரவர் அந்த நாளைத் தனியாகக் கடந்தாக வேண்டும். கடந்தது கூடத் தெரியாமல் கடந்தாக வேண்டும்.

மூன்றாவதாக விழுந்த நாளில் வெயிலுகந்தாளின் புருஷன் செத்துப் போனார். சந்தையில் புட்டு அவித்து விற்கிறவள் வெயிலுகந்தாள். எட்டுச் சந்தையிலும் என்னிடம் பேரத்தில் தோற்காத ஆள் இல்லை; இந்த அக்காவிடம் ஒரு குழாய்ப் புட்டுக்குக்கூட நான் ஜெயித்ததில்லை. அவள் புருஷனுக்குக் கடுங்காய்ச்சல், நாழிகைக்கு ஒருமுறை கஷாயம் கொடுத்துக்கொண்டிருந்தாள். இரவில் ஒரு வாய் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடினாள். திறந்தபோது இரண்டு இரவும் ஒரு பகலும் போயிருந்தன. கஷாயக் கிண்ணத்தில் எறும்பு மொய்த்திருந்தது. மனிதர் குளிர்ந்திருந்தார். மூன்று வயது மகள் முத்துநகை அப்பா மார்மேல் கையைப் போட்டபடி படுத்திருந்தாள்.

நானாக இருந்திருந்தால் கல்லை எடுத்து வானத்தின்மேல் எறிந்திருப்பேன். அவள் எறியவில்லை. சுடுகாடு போய் வந்து பதினாறாவது நாள் கருக்கலில், வாசலைப் பெருக்கித் தண்ணீர் தெளித்து, கோலம் போட்டு, கிழக்கே பார்த்து நின்றாள். கிழக்கு சாம்பல் நிறமாக இருந்தது. அவள் சொன்னதைக் கேட்க நான் அங்கே புட்டுக்காகக் காத்து நின்றேன்.

"வாங்க. வந்தும் வாசல்லயே நிக்கிறீங்களே. உள்ள வாங்க, உக்காருங்க. எத்தனை வருஷமா நீங்க வாறீங்க, ஒருத்தரும் உங்களை வான்னு கேக்கலை. தப்பு எங்க மேல. இன்னைக்கு எங்க வீட்டுல தங்கிட்டுத்தான் போகணும்."

ஒரு சொம்புத் தண்ணீரும் ஒரு வட்டில் புட்டும் வாசற்படியில் வைத்தாள். வெளிச்சம் வந்து, நேராக அவள் வீட்டுக்குள்தான் முதலில் போனது. பிறகுதான் மற்ற வீடுகளுக்குப் பரவியது. அது நான் கண்ணால் பார்த்தது. இதில் யார் குறுக்கே பேசினாலும் பல்லை உடைப்பேன்.

மறுநாள் பக்கத்து வீட்டுக்காரி அழைத்தாள். அதற்கடுத்து அடுத்த வீடு. தெரு முடிந்ததும் அடுத்த தெரு. முந்நூற்றுப் பன்னிரண்டு வீடுகள், முந்நூற்றுப் பன்னிரண்டு நாள், அதற்குள் ஒன்றுகூட விழவில்லை. அப்படியே ஆண்டு ஆயிற்று. தெருக்கள் மாதங்களாயின. தறித்தெரு நாற்பத்தொரு நாள் மாதம், செக்குச் சந்து ஒன்பதே நாள் மாதம். "அடுத்த மாசம் தர்றேன்" என்று வாக்குக் கொடுக்கிறவர்கள் செக்குச் சந்து வருவதற்கு முன் வாயைத் திறக்க மாட்டார்கள். சந்தைத் திடலில் எடை போடுகிற நிறுவைக்கூடத்துச் சுவரில், நாளை ஆண்டு எந்த வீட்டில் தங்குகிறது என்று தினமும் மாலையில் பிச்சைக்கனி சுண்ணாம்பால் எழுதுவான். புதிதாக ஒருத்தன் வீடு கட்டிக் குடிபோனால் ஆண்டு ஒரு நாள் நீளும். பிள்ளைகள் கல்யாணம் பண்ணித் தனிக்குடித்தனம் போகும்போது, "எங்க ஆயுசை ஒரு நாள் கூட்டிட்டீங்க, நல்லா இருங்க" என்று ஊரே வாழ்த்தும்.

நாட்களுக்குக் குணம் வந்தது அதற்குப் பிறகுதான். விருந்தாளி தங்குகிற வீட்டின் சாயல் விருந்தாளிக்கும் ஒட்டிக்கொள்ளும்தானே? கஞ்சன் நெய்க்கார ராசு வீட்டு நாள் பாதியிலேயே இருட்டிவிடும், எண்ணெய்ச் செலவு மிச்சம் என்று அவன் மட்டும் சந்தோஷப்படுவான். புதுசாகக் கல்யாணமானவர்கள் வீட்டு நாள் நேரங்கழித்துத்தான் விடியும். அதை யாரும் கிண்டல் செய்யாமல் இருந்ததில்லை. நடுச்சுவர் எழுப்பிப் பிரிந்த அண்ணன் தம்பி வீட்டில் காலை வெயில், மத்தியானத்துக்கு மேல் மூட்டம். உச்சிப்பொழுது யார் பங்கு என்று வருஷாவருஷம் அடிதடி. காது கேளாத தச்சர் வீட்டு நாளில் ஊரில் ஒரு சத்தமும் இராது. எச்சிலைத் துப்பினால்கூடக் கேட்காது. தறித்தெரு கடைசி வீட்டில் தனிக்கட்டையாக இருந்து பாய் முடைகிற குருவம்மாளின் நாள் பூந்தூறலாகவே வரும், அன்றைக்கு யாரும் வேலைக்குப் போகமாட்டார்கள்.

இந்த ஊர்க்காரர்களுக்கு மட்டுமே வரக்கூடிய பிசகுகளும் வந்தன. ஒருமுறை வெளியூர்ச் சொந்தங்களுக்குக் கல்யாண ஓலை அனுப்பினார்கள்: 'செக்குச் சந்து மாதம், நெய்க்கார ராசு வீடு, காலை முகூர்த்தம்.' கல்யாணம் மேலத்தெருவில். வந்த எழுபது பேரும் சீர்த்தட்டோடு நேராக ராசு வீட்டுக்குப் போய்ச் சப்பணமிட்டு உட்கார்ந்துவிட்டார்கள். வீட்டு வாசலுக்கு வந்தவர்களை எழுப்பக்கூடாது என்பதுதான் ஊரின் முதல் சட்டமாயிற்றே. ராசு அழுதுகொண்டே எழுபது இலை போட்டான். அந்த வருஷம் ராசு வீட்டு நாள் வழக்கத்தைவிட நீளமாகவும் பளிச்சென்றும் இருந்தது என்பதை அவனே ஒப்புக்கொண்டான்.

சட்டம் ஒன்றே ஒன்றுதான் கடுமையானது. ஓர் ஆளுக்கு ஒரு வாசல். ஒரு வீட்டைச் சேர்ந்தவன் இன்னொரு வீட்டு வாசலில் நின்று நாளை அழைக்க முடியாது; முறை வருவதற்கு முன் தன் வாசலிலும் அழைக்க முடியாது. ஒருமுறை ஒரு குடும்பம் ஊரைக் காலிபண்ணிப் போனபோது பக்கத்து வீட்டுக்காரர் அந்த வாசலில் நின்று அழைத்துப் பார்த்தார். நாள் வந்தது, உள்ளே எட்டிப் பார்த்தது, இவர் நேற்றைய வீட்டு ஆளாயிற்றே என்று கண்டுகொண்டது, உச்சிவேளையில் எழுந்து போய்விட்டது. மீதி விழுந்தது. மத்தியானச் சோற்றில் கை வைத்தவர்கள் மறுநாள் காலையில்தான் கையை எடுத்தார்கள்.

எனக்கு அப்போது வாசல் இல்லை. சந்தைத் திடலில் நான்கு கால் ஊன்றி மேலே கீற்றுப் போட்ட கொட்டகை, அதில் நானும் மாடும். ஓர் ஆண்டு ஊர்க்கூட்டத்தில் போய்க் கேட்டேன்: செக்குச் சந்தின் முனையில் ஒரு குச்சுவீடு கட்டிக்கொள்கிறேன், எனக்கும் ஒரு நாள் வரட்டும்.

பிச்சைக்கனிதான் எழுந்தான். "காளை நல்லவன்தான். ஆனா அவன் கோபம் ஊருக்கே தெரியும். அவன் வீட்டுல தங்கிட்டு வர்ற நாள் எப்படி இருக்கும்? கூரையெல்லாம் பத்திக்கும்யா."

சிரித்தார்கள். யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை, சிரித்தார்கள், அவ்வளவுதான். வெயிலுகந்தாள் மட்டும் சிரிக்கவில்லை, ஆனால் அவளும் ஒன்றும் சொல்லவில்லை. நான் அவர்கள் உட்கார்ந்திருந்த பெஞ்சை எட்டி உதைத்துவிட்டு வந்துவிட்டேன், அதனால் பிச்சைக்கனி சொன்னது சரியென்று ஆகிவிட்டது. அதற்குப்பிறகு நான் கேட்கவில்லை. முந்நூற்றுப் பன்னிரண்டு நாளும் யார் யார் வீட்டுக்கோ வந்த நாளில் நான் ஒட்டிக்கொண்டு வாழ்ந்தேன்.

இப்போது சொல்லப் போவது அதற்கு ஏழு ஆண்டு கழித்து, தறித்தெரு மாதம், நாற்பதாம் வீட்டு நாளில் நடந்தது.

வெயிலுகந்தாள் மகள் முத்துநகைக்கு அன்று மத்தியானம் பிரசவ வலி எடுத்தது. புருஷன் வீட்டிலிருந்து தலைப்பிரசவத்துக்கு வந்திருந்தாள். மருத்துவச்சி செல்லக்கிளி வயிற்றைத் தடவிப் பார்த்துவிட்டு வெளியே வந்து சொன்னாள்: "பிள்ளை குறுக்கே கிடக்கு. இன்னைக்கு ஆகாது, நாளைக்கு உச்சிக்குத்தான் ஆகும். கொஞ்சம் கொஞ்சமா கையால திருப்பிக்கிட்டே இருக்கணும். கை எடுத்தா ரெண்டு உசுரும் இல்லை."

சொல்லி வாய் மூடவில்லை, தறித்தெருவிலிருந்து செய்தி வந்தது. குருவம்மாள் பாய் முடைந்தபடியே, கோரை கையில் இருக்க, தலை சாய்ந்துவிட்டாள். மறுநாள் அவள் நாள்.

மாலையில் பிச்சைக்கனி சுண்ணாம்புச் சட்டியோடு சுவர் முன்னால் நின்றான். மட்டையை முக்கினான். எழுத ஒரு பெயர் இல்லை. சுண்ணாம்பு மட்டையிலிருந்து சொட்டிச் சொட்டி அவன் காலில் விழுந்தது, அவன் நகரவில்லை. அவன் பின்னால் ஒவ்வொருவராக வந்து நின்றார்கள். நாளை என்று ஒன்று இல்லை. நாளை இல்லையென்றால் முத்துநகை அந்த நாளைத் தனியாகக் கடப்பாள். வலி இருக்கும், குறுக்கே கிடக்கும் பிள்ளை இருக்கும், செல்லக்கிளியின் கை இருக்காது.

"வண்டியில ஏத்திப் பக்கத்து ஊருக்குக் கொண்டு போயிடலாமா?" என்றான் ஒருவன்.

"வண்டி ரெண்டு குலுக்கு குலுக்கினா முடிஞ்சது" என்றாள் செல்லக்கிளி.

"குருவம்மா வாசல்ல வேற யாராவது…"

"உச்சிக்கு எந்திரிச்சுப் போயிடும். உச்சிலதான் பிள்ளை வரணும்."

அப்போதுதான் ஒவ்வொரு தலையாகத் திரும்பியது. கொட்டகையில் மாட்டுக்கு வைக்கோல் உதறிக்கொண்டிருந்த என்னைப் பார்த்தார்கள். முந்நூற்றுப் பன்னிரண்டு வீட்டிலும் சேராத ஒரே ஆள்.

நான் வைக்கோலை உதறுவதை நிறுத்தவில்லை. "என்ன பார்வை? கூரை பத்திக்குமே. தண்ணி எடுத்து வச்சிக்கிட்டு வந்திருக்கீங்களா?"

வைக்கோல் கட்டைத் தரையில் எறிந்தேன்.

"ஏழு வருஷம். ஏழு வருஷம் எல்லார் வீட்டு நாளுலயும் ஒண்டிக் கிடந்தேன். சிரிச்சீங்களே, இப்ப சிரிங்க. பிச்சைக்கனி, எங்கே, ஒரு தடவை சிரி பாப்போம்!"

வெயிலுகந்தாள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். "தம்பி" என்றாள். அக்கா என்னை 'ஏலே காளை' என்றுதான் கூப்பிடுவாள். தம்பி என்றால் காரியம் பெரிது.

அவள் என் தோளில் கிடந்த துண்டை எடுத்து என் வலக்கையின்மேல் போட்டு, அதற்குள் தன் கையை விட்டாள். மாட்டுச் சந்தையில் விலை பேசுவது இப்படித்தான். சுற்றி நிற்கிறவர்களுக்குத் தெரியாமல் துண்டுக்குள்ளே விரலைப் பிடித்துக் கேட்பதும் அமுக்கி மறுப்பதும். இருபத்தைந்து வருஷமாக அந்தத் துண்டுக்குள் நான் ஏமாந்ததும் ஏமாற்றியதும்தான் என் படிப்பு. அவள் என் விரல் ஒன்றைக்கூடப் பிடிக்கவில்லை. விரித்த வெறுங்கையை என் உள்ளங்கையில் வைத்தாள். அவ்வளவுதான். கேட்பதற்கும் கொடுப்பதற்கும் ஒன்றுமில்லை, நீயே சொல் என்று அர்த்தம். சந்தையில் யாரும் அப்படி வைப்பதில்லை. வைத்தால் தோலை உரித்துவிடுவார்கள் என்று தெரியும்.

மூன்று வயதில் அப்பன் மார்மேல் கை போட்டுப் படுத்திருந்த பெண்ணின் அலறல் இரண்டு தெரு தாண்டிக் கேட்டது.

"செத்தவ வீட்டுக்குள்ள நான் போய் நிக்க மாட்டேன்" என்றேன். "அது அவ வாசல். எனக்கு இங்கேயே ஒரு வாசல் வேணும்."

பிச்சைக்கனி சட்டியைக் கீழே போட்டுவிட்டு ஓடினான். கொஞ்ச நேரத்தில் தன் வீட்டு முன்வாசல் நிலையையே பெயர்த்து, கதவோடு, தலையில் சுமந்து வந்தான். பொழுது இறங்குவதற்குள் நான்கு பேர் குழி தோண்டி ஊன்றினார்கள். சுவர் இல்லாத கொட்டகைக்கு முன்னால் ஒரு வாசல் மட்டும் நின்றது. அதன் வழியே உள்ளே வந்தாலும் வெளிதான், வெளியே போனாலும் வெளிதான். ஆனாலும் பிச்சைக்கனி சுற்றி வராமல் அதன் வழியே குனிந்து வந்து, என் முன்னால் நின்று, "காளை அண்ணே, எங்க வீட்டு நாள் இனிமே இந்த நிலைக்கும் கொஞ்சம் சொந்தம்" என்றான். பிறகு போய்ச் சுவரில் எழுதினான். என் பெயரைச் சுண்ணாம்பில் நான் முதல்முறை பார்த்தேன். பிழையில்லாமல்தான் எழுதியிருந்தான். குற்றம் கண்டுபிடிக்க ரொம்ப நேரம் பார்த்தேன்.

கருக்கலில் வாசல் தெளித்தேன். கோலம் போடத் தெரியாது; நான்கு குளம்படி மாதிரி ஏதோ போட்டேன். சொம்பில் தண்ணீர், வட்டிலில் வெயிலுகந்தாள் அவித்துக் கொடுத்த புட்டு. ஊர் முழுக்கத் திடலுக்கு வெளியே நின்றது. கிழக்கு சாம்பலாயிற்று, சாம்பலாகவே நின்றது. புதுத் தொழுவத்தைக் கண்டு காலை ஊன்றிக்கொண்டு நிற்கிற மாடு மாதிரி, நாள் எல்லையில் வந்து நின்றுகொண்டிருந்தது. எனக்கா பொறுமை?

"வாடா!" என்று கத்தினேன்.

சாம்பல் வெளிச்சமும் பின்வாங்கி இருட்டிவிட்டது. ஊர் 'ஐயோ' என்றது.

"ஏலே காளை!" அக்காவின் குரல் பின்னாலிருந்து வந்தது. "வீட்டுக்கு வர்ற விருந்தாளிய அப்படியா கூப்பிடுவ? மாட்டை வாங்க வர்றவன்கிட்டக்கூட இதைவிட மரியாதையா பேசுவியே!"

அது சரிதானே. எனக்குத் தெரிந்த மரியாதை ஒன்றே ஒன்றுதான். துண்டை எடுத்து வலக்கையின்மேல் போட்டேன். வாசல் வழியாகக் கையை நீட்டினேன். "வாங்க" என்றேன். "வாங்க, பேசுவோம்."

துண்டுக்குள் ஒரு கை வந்தது.

கிணற்றின் அடித்தண்ணீர் மாதிரி சில்லென்ற கை. விரல்கள் எண்ணிலடங்காதவை போலவும் இருந்தன, ஐந்துதான் போலவும் இருந்தன. என் கட்டைவிரலைப் பிடித்து அமுக்கியது. விரல் பேச்சு எனக்குத் தெரியும். என் கோபத்தைக் கேட்டது. இல்லை என்று விரலை உருவிக்கொண்டேன். அதைக் கொடுத்துவிட்டால் நாளைக்கு எந்தச் சந்தையில் எவன் என்னை மதிப்பான்? சுட்டுவிரலைப் பிடித்தது, குரலைக் கேட்டது. இல்லை. நடுவிரலை, எட்டுச் சந்தைக்கும் நடக்கிற காலைக் கேட்டது. இல்லை, இல்லை. முத்துநகை கூப்பாடு போட்டாள். கை மெல்ல மெல்ல என் கையை விட்டு நழுவியது. வியாபாரம் முறியப் போகிறது என்பது உள்ளங்கைக்கு முதலில் தெரியும்.

அப்போதுதான் எனக்குத் தோன்றியது. என்னிடம் ஒரு சரக்கு இருந்தது. பதினெட்டு வருஷமாக விற்கவும் முடியாமல் செலவழிக்கவும் முடியாமல் வைத்திருந்த சரக்கு. ஊரில் வேறு யாரிடமும் இல்லாத, ஊரைவிட நான் கூடுதலாக வாழ்ந்த ஒரு நாள்.

நழுவின கையை எட்டிப் பிடித்து, ஐந்து விரலையும் சேர்த்து மூடினேன். "உங்க ஆள் ஒருத்தர் என்கிட்ட இருக்கார்" என்றேன் வாய்விட்டே. "ஒரு புதன்கிழமை. ஊரே இல்லாதப்போ அவரும் நானும்தான் இந்தத் திடல்ல இருந்தோம். யாரும் அவரை வான்னு சொல்லலை; நானும் சொல்லலை, திட்டத்தான் திட்டினேன். ஆனா முழுசா ஒரு நாள் அவர்கூட இருந்தேன், விட்டுட்டுப் போகலை. அவரைக் கூட்டிக்கிட்டுப் போங்க. பதிலுக்கு உச்சி தாண்டி, பொழுது சாயறவரைக்கும், நீங்க இங்க உக்காரணும். ஒரு நாழிகை குறையக் கூடாது."

துண்டுக்குள் விரல்கள் அசையாமல் இருந்தன. பிறகு என் கையைக் கெட்டியாகப் பிடித்து ஒரு குலுக்குக் குலுக்கின. உள்ளுக்குள் ஒரு பல் பிடுங்கினாற்போல ஏதோ கழன்றது. வலிக்கவில்லை, இடம் மட்டும் வெறுமையாயிற்று. துண்டைச் சுண்டி எடுத்தபோது வெளிச்சம் வாசல் வழியாக வந்துகொண்டிருந்தது. சுற்றிலும் சுவரே இல்லாதபோதும் அது அந்த நிலை வழியாகத்தான் வந்தது.

எப்படிப்பட்ட நாள் அது! பிச்சைக்கனி சொன்னது பொய்யில்லை, வெயில் கொளுத்தியது. உதறிய வேட்டி கொடியில் விழுவதற்குள் காய்ந்தது. குருவம்மாளைத் தூக்கிக்கொண்டு போனவர்கள் கால் மாற்றி மாற்றி ஓடினார்கள். பூந்தூறலாய் வந்துகொண்டிருந்தவளை வெயிலில் அனுப்புகிறோமே என்று அழுதார்கள். செல்லக்கிளி வியர்வை சொட்டச் சொட்டத் திருப்பிக்கொண்டே இருந்தாள். உச்சி வந்தது. எல்லாரும் திடலைப் பார்த்தார்கள். நான் வாசலில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, "புட்டு எடுத்துக்கோங்க, இன்னும் கொஞ்சம் எடுத்துக்கோங்க" என்று வெளிச்சத்திடம் சொல்லிக்கொண்டே இருந்தேன். நாள் எழுந்திருக்கவில்லை.

பெண் குழந்தை. பிறந்ததும் அது போட்ட சத்தத்தில் புளியமரத்துக் கொக்கெல்லாம் பறந்தது. "ஆத்தாடி, யார் நாள்ல பிறந்தோம்னு காட்டுது பாரு" என்றாள் செல்லக்கிளி. அன்று பொழுது சாய ரொம்ப நேரமாயிற்று. தரகனோடு உட்கார்ந்த விருந்தாளி எழுந்து போவது அவ்வளவு லேசா? சாயங்காலத்தையும் இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று கேட்டு வாங்கினேன். ஊர் ஓரமாய் நின்று அதைப் பார்த்தது, யாரும் சிரிக்கவில்லை. பிறகு சிரித்தார்கள், நானும்தான்.

குருவம்மாள் வீட்டைப் பூட்டி, கோரையும் பாயும் அப்படியே விட்டிருக்கிறது ஊர். அவள் நாள் இப்போது தறித்தெருவிலிருந்து இறங்கிச் சந்தைத் திடலுக்கு வருகிறது. தறித்தெரு மாதம் நாற்பது நாள். அதற்கடுத்து ஒரே ஒரு நாள் மாதம் ஒன்று இருக்கிறது, அது என் மாதம். அதற்காக ஊர் வருஷம் முழுக்கக் காத்திருக்கிறது, பொய்யில்லை. மிளகாயும் மல்லியும் வடகமும் மோர்மிளகாயும் மெத்தையும் தலையணையும் அந்த ஒரு நாளைக்கென்று சேர்த்துவைத்து, விடிந்ததும் கூரையெல்லாம் பரப்புகிறார்கள். கூரை பற்றிக்கொள்ளும் என்று பயந்த பிச்சைக்கனி தன் கூரையில்தான் முதலில் மிளகாயைக் கொட்டுகிறான். காய்ந்ததும் ஆளுக்கொரு கை அள்ளிக்கொண்டு வந்து, திடலில் எங்கே வேண்டுமானாலும் நடந்து வரலாம் என்றாலும், வரிசையில் நின்று என் வாசல் வழியாகக் குனிந்து வந்து கொடுத்துவிட்டுப் போகிறார்கள்.

பொழுது சாயும் நேரத்தில் வெயிலுகந்தாள் வருவாள், பேத்தியைக் கையில் பிடித்துக்கொண்டு. அப்போது ஊர் அந்தப் புதன்கிழமையின் கதையைச் சொல்லும். நான் இதுவரை உங்களுக்குச் சொன்னது ஊர் சொல்வது. ஆனால் கடைசித் துண்டை அக்கா மட்டும்தான் சொல்வாள். அதை எப்போதோ ஒரு நாள், புட்டுக் குழாய் வேகக் காத்திருந்த நேரத்தில், நான் அவளிடம் மட்டும் சொன்னேனாம். வீடுகள் இருந்த இடத்தையெல்லாம் காலடியால் அளந்துகொண்டு போய், அவள் புட்டுக்கடை இருந்திருக்க வேண்டிய சரளையில் உட்கார்ந்து, எனக்கு ஒரு வீடுகூட இல்லாத ஊருக்காக, பொழுது சாயும்வரை நான் அழுதேனாம்.

எனக்கு அது நினைவில்லை. நினைவில்லாததை மறுத்துப் பேச முடியாது. போன வருஷம் என் மடியில் உட்கார்ந்திருந்த சின்னவள், என்னைப் போலவே புருவத்தை நெரித்துக்கொண்டு கேட்டாள்:

"நிஜமா அழுதியா தாத்தா?"

"யாரு சொன்னா?"

"அம்மாச்சி."

நான் அக்காவைப் பார்த்தேன். அவள் புட்டை உதிர்த்து வட்டிலில் வைத்துக்கொண்டிருந்தாள், நிமிரவில்லை.

"உங்க அம்மாச்சி சொன்னா, அதுக்கு மேல பேச்சில்லை" என்றேன்.

சின்னவள் எழுந்து வாசலுக்கு ஓடி, நிலையைப் பிடித்துக்கொண்டு, இறங்கிப் போகிற வெயிலைப் பார்த்து, அடித்தொண்டையில் கத்தினாள்: "இன்னும் கொஞ்சம் இருந்துட்டுப் போங்க!"

வெயில் நின்றது.